டேலு சொல்லாத பெயர்

கானோ நகரத்தை இரண்டு மணி நேரத்தில் சுற்றிக் காட்டுவதற்கு யஹூஸாவை விட்டால் ஆள் இல்லை. பழைய ஊர், சந்துக்குள் சந்து, ஒழுங்காகப் பார்ப்பதென்றால் ஒரு வாரம் வேண்டும். வருகிறவர்கள் ஒரு வாரத்துக்கு எங்கே போவார்கள்? வடக்கே போனால் உயிரோடு திரும்பமுடியாது என்று தெற்கே யார் யாரோ சொல்லி வைத்திருப்பதால், வேடிக்கை பார்க்கவென்றே வருகிற கூட்டம் நின்றுபோய்ப் பல வருஷமாயிற்று. இப்போது வருவதெல்லாம் ஆபீஸ் கூட்டத்துக்கு வந்து, அது முடிந்ததும் விமானத்துக்கு இன்னும் நேரம் இருக்கிறதே என்று கொட்டாவி விடுகிற ஜனம். அவர்களுக்கு ஒரு கோட்டை வாசல், சாயக்குழிகள், டாலா குன்று, கடைசியில் வயிற்றுக்கு ஏதாவது. நடுவில் இருக்கும் ஓட்டைகளை யஹூஸா கதையால் அடைப்பான். அந்தக் கதைகளில் பாதி பொய். மீதிப் பாதி, பொய் என்பது அவனுக்கே மறந்துபோனவை.

அன்று காலை அவன் கிளம்பும்போது வீட்டில் வழக்கமான கூச்சல். மனைவி பலரபா அடுப்படியில் இருந்தபடியே அத்தனை பேரையும் ஏலம் போட்டுக்கொண்டிருந்தாள்.

"சாதியா! தண்ணி மொண்டு வச்சியா இல்லையா? நசிரு, எந்திரிடா, வெயில் மூஞ்சியில அடிக்குது! சாதியா, அந்தப் பெரியவன்கிட்ட சொல்லு, அப்பா செருப்பை எடுத்து வைக்கட்டும்."

பெரியவன் அவளுக்கு எதிரில்தான் உட்கார்ந்திருந்தான். அவனுக்கும் பெயர் உண்டு, ஊரெல்லாம் கூப்பிடும். பெற்றவர்கள் மட்டும் சொல்லமாட்டார்கள். தலைப்பிள்ளையின் பெயரைத் தாய் வாயால் சொல்வதும், நாலு பேர் முன்னால் அதன் முகத்தைப் பார்த்துக் கொஞ்சுவதும் அந்த ஊரில் வெட்கக்கேடு. எவ்வளவுக்கு உயிரோ அவ்வளவுக்கு முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டும். யஹூஸாவும் தலைப்பிள்ளைதான். அவன் தாய் கண் மூடுகிறவரை அவனைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. அதற்காக அவன் ஒரு நாளும் வருத்தப்பட்டதில்லை, அதை ஒரு விஷயமாக நினைத்ததுமில்லை. மூச்சு விடுவதை யார் உட்கார்ந்து நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்?

ஓட்டல் வாசலில் வேன் நின்றிருந்தது. டிரைவர் டாங்கோ பானெட்டின் மேல் சாய்ந்து பல் குச்சியை மென்றுகொண்டிருந்தான். டாங்கோ ஜாரியாக்காரன். ஜாரியாக்காரனும் கானோக்காரனும் கண்ட இடத்தில் ஒருவனை ஒருவன் "என் அடிமையே" என்று அழைத்து வம்புக்கு இழுக்கவேண்டும் என்பது இரண்டு ஊருக்கும் நடுவில் தாத்தா காலத்து உரிமை. கோபப்படுகிறவன் தோற்றவன். ஒருவன் சொன்னதை மற்றவன் ஆமாம் என்று ஒத்துக்கொண்டால் அவனைச் சொந்த ஊரில் சேர்க்கமாட்டார்கள்.

"வந்துட்டான் என் அடிமை," என்றான் டாங்கோ. "ஏண்டா, இன்னைக்கு எத்தனை ராஜாவைக் கொல்லப்போறே?"

"உங்க ஊர் ராஜா ஒருத்தனை மட்டும். அவனைக் குதிரைக்குப் புல் அள்ளிப் போட வச்சுட்டுக் கொல்றேன்."

"முடியும்டா. வாயால எதை வேணா முடிப்பீங்க."

வந்தவர்கள் தெற்கே லாகோஸிலிருந்து வந்த ஓர் இன்சூரன்ஸ் கம்பெனி ஆட்கள். பத்துப் பன்னிரண்டு பேர் இருப்பார்கள். அவர்களுக்குப் பெரியவர் ஃபொலாரின். வயிறும் பெரிசு, குரலும் பெரிசு. எதற்கெடுத்தாலும் கைதட்டுகிற ஆசாமி. கோட்டை வாசலில் யஹூஸா தன் முதல் கதையை முடித்ததுமே "பிரமாதம்!" என்று தட்டினார். மேலதிகாரி தட்டினால் கீழே இருக்கிறவர்கள் சும்மா இருக்கமுடியுமா? எல்லோரும் தட்டினார்கள். அதன்பிறகு ஒவ்வொரு கதைக்கும் அது சடங்காகவே ஆகிவிட்டது. கதை, கைதட்டல், வேனில் ஏறு.

கடைசி சீட்டில் இருந்த ஒருத்தி மட்டும் தட்டுகிற மாதிரி கையைச் சேர்த்துவிட்டு மடியில் வைத்துக்கொண்டாள். முப்பது முப்பத்தைந்து வயது. சாம்பல் நிற முக்காடு. அவளை மற்றவர்கள் ஹன்சத்து என்று கூப்பிட்டபோதுதான் யஹூஸாவுக்கு உறைத்தது, அட, நம்ம வடக்கத்தி ஹௌசா ஆள்.

சாயக்குழிகளில் அவன் கதை உச்சிக்கு ஏறியது. தரையோடு தரையாக வட்டக் கிணறுகள், உள்ளே கறுத்த நீலத் தண்ணீர், சுற்றிலும் குந்தியபடி துணியை முக்கி எடுக்கும் ஆட்கள். ஓரமாக இருந்த ஒரு குழியைக் காட்டினான். ராஜா மகள் ஒருத்தி தன் காதலன் போரிலிருந்து திரும்பாததால் இதன் கரையில் உட்கார்ந்து அழுதாளாம். அவள் கண்ணீர் விழுந்ததிலிருந்து இந்தக் குழியில் தோய்த்த துணி மட்டும் சாயம் போவதில்லையாம். சொல்லும்போது குரலைத் தாழ்த்தி, சரியான இடத்தில் ஒரு நிமிஷம் நிறுத்தினான். குழிக்கருகில் குந்தியிருந்த சாயக்காரர் தலை நிமிராமலேயே தோளைக் குலுக்கிச் சிரித்தார். ஃபொலாரின் தட்டினார். எல்லோரும் தட்டினார்கள். இரண்டு பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு அந்தக் குழியோடு சேர்ந்து படம் எடுத்துக்கொண்டார்கள்.

மற்றவர்கள் துணி பேரம் பேசப் போனதும் ஹன்சத்து பக்கத்தில் வந்தாள். தெற்கத்தி வாடை அடிக்கும் ஹௌசா மொழியில் கேட்டாள்.

"அண்ணே, அந்த ராஜா பொண்ணு கதை நெசமா?"

யஹூஸா சிரித்துவிட்டான். வெளியூர்க்காரி கேட்டிருந்தால் தலையில் அடித்துச் சத்தியம் செய்திருப்பான். இவளிடம் என்ன மறைப்பு?

"தங்கச்சி, நீங்க நம்ம வீட்டுப் பொண்ணு, உங்ககிட்ட சொல்றதுக்கு என்ன. போன வாரம் கிழவனுங்களா ஒரு கூட்டம் வந்துச்சு. அவங்களுக்கு இதே குழியில ஒரு மந்திரவாதி விழுந்து செத்தான். காலேஜ் புள்ளைங்க வந்தா பூதம். இன்னைக்கு வேன்ல ஏறும்போதே பாத்தேன், முன் சீட்டுல ரெண்டு பொண்ணுங்க காதல் தோல்வி மாதிரி மூஞ்சியைத் தொங்கப்போட்டுக்கிட்டு இருந்துச்சுங்க. சரி, ராஜா மகளை எறக்கிட்டேன்."

"அப்ப ஆளைப் பாத்துத்தான் கதையா?"

"பின்னே? மூஞ்சியைப் பாத்தா தெரிஞ்சுடும் தங்கச்சி, அதுக்கு என்ன கேக்கணும்னு ஆசைன்னு. அதை எடுத்துக் குடுத்துட வேண்டியதுதான். அவங்களுக்கும் சந்தோஷம், எனக்கும் சோறு."

தன் தொழில் ரகசியத்தைப் புரிந்துகொள்ள ஓர் ஆள் கிடைத்த பெருமையில் அவன் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டான். அவளும் சிரித்தாள்.

"அண்ணே, இந்தப் பக்கம் டேலுன்னு ஒருத்தங்க மாஸா சுட்டு விக்கறாங்களாமே?"

"டேலு அக்காவா! அவங்க கைச்சோறு தின்னாத வாய் இந்தப் பேட்டையில ஏது? நான் தினம் காலையில அங்கதான் நிப்பேன். ஏன் கேக்கறீங்க?"

"எங்கம்மா."

யஹூஸா அவள் முகத்தை இப்போதுதான் சரியாகப் பார்த்தான். அந்த மூக்கு. அந்த விரிந்த நெற்றி. இத்தனை நேரம் எப்படிக் கண்ணில் படாமல் போயிற்று என்று தன்னையே திட்டிக்கொண்டான்.

"ஜுமாய் பெரியம்மாதான் என்னை வளர்த்தாங்க," என்றாள் அவள். "அவங்களுக்குப் புள்ளை இல்லை. பால் மறந்ததும் என்னைத் தூக்கிக் குடுத்துட்டாங்களாம். அப்புறம் லாகோஸ் போயிட்டோம். போன மழைக்காலத்துல பெரியம்மாவும் போய்ச் சேர்ந்துட்டாங்க. இப்ப எனக்குன்னு யாரும் இல்லை."

"நீங்கதான் மூத்தவங்களா?"

"ஆமாண்ணே. எனக்கப்புறம் மூணு பேர்."

அவ்வளவுதான், யஹூஸாவுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. தலைப்பிள்ளை, பிள்ளையில்லாத அக்காளுக்குக் கொடுத்தாயிற்று. பாதி ஊர் அப்படி வளர்ந்ததுதான்.

"நான் முன்னாடி ஓடிப்போய்ச் சொல்லிடட்டுமா?"

"வேணாம். கூட்டத்தோட கூட்டமா வரேன். என்னைப் பாத்து அவங்க என்ன செய்யறாங்கன்னு பாக்கணும். அதுக்கப்புறம் முடிவு பண்ணிக்கறேன். ஒரு வாரம் லீவு சொல்லிட்டு வந்திருக்கேன். இருந்தா இருப்பேன், இல்லேன்னா இவங்களோடவே பிளேன் ஏறிடுவேன். ஏறிட்டா அப்புறம் இந்தப் பக்கம் வரமாட்டேன்."

டேலு என்ன செய்வாள் என்பது யஹூஸாவுக்குத் தெரியும். திரும்பிக்கூடப் பார்க்கமாட்டாள். ஆனால் அதைப் போய் ஹன்சத்து என்று ஹௌசாப் பெயர் வைத்துக்கொண்டிருக்கிற ஒருத்தியிடம் சொல்வார்களா? காலையிலிருந்து கல்லை விளக்கியிருக்கிறான், மண்ணை விளக்கியிருக்கிறான், வாசல் கதவில் இருந்த ஆணிக்குக்கூட ஒரு விளக்கம் கொடுத்திருக்கிறான். இதற்கு விளக்கம் தேவைப்படும் என்று அவன் புத்திக்கு எட்டவே இல்லை. நாசமாய்ப் போன அந்த வாய், பேசவேண்டிய ஒரே இடத்தில் மூடிக்கொண்டது.

டாலா குன்றைத் தூரத்திலிருந்தே காட்டிக் கதையைச் சுருக்கி முடித்துவிட்டு, வேனைக் கொல்லர் சந்துக்கு விடச் சொன்னான்.

டேலு தன் வீட்டு வாசலுக்கு வெளியே, புகைக்கு நடுவில், முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். மாஸா என்பது நம் குழிப்பணியாரத்துக்கு ஒன்றுவிட்ட தங்கை. அரிசி மாவு, புளிப்பு, மண்சட்டியில் குழி குழியாக ஊற்றிக் குச்சியால் புரட்டுவது. டேலு புரட்டுகிற வேகத்தில் ஒன்று தீய்ந்து யாரும் பார்த்ததில்லை.

"வந்துட்டான் பொய்மூட்டை," என்றாள் அவள். "யாருடா இவங்க எல்லாம்? என்னைப் பத்தி என்ன அளந்து வச்சிருக்கே? போன தடவை நான் அரமனைச் சமையக்காரின்னு சொன்னியாமே?"

"இல்லக்கா, அரமனையிலேருந்து ஆள் வந்து வாங்கிட்டுப் போவாங்கன்னு..."

"வந்து வாங்கியிருந்தா நான் ஏண்டா இந்தப் புகையில குந்திக்கிட்டுக் கண்ணு அவிஞ்சு போறேன்? இருபது வருஷமா பாக்கறேன், உன் வாயில ஒரு நாளாவது ஒரு நெசம் வந்திருக்கா?"

யஹூஸா அதை மொழிபெயர்த்தபோது, கதை என்று நினைத்து ஃபொலாரின் அதற்கும் கைதட்டினார். டேலுவுக்கு அவரைப் பிடித்துப்போய்விட்டது. பெயர் என்ன என்று கேட்டாள். "ஃபொலாரினா? நல்லாத் தின்னுடா ஃபொலாரின், உன் வயிறு என்னை நம்பித்தான் வந்திருக்கு," என்று தன் கையாலேயே தட்டில் வைத்துக் கொடுத்தாள். ஒவ்வொருவரிடமும் பெயர் கேட்டாள். ஒவ்வொரு பெயரையும் கோணலாக உச்சரித்து, அவர்கள் சிரிக்க, தட்டு நீட்டினாள்.

ஹன்சத்து கடைசியாக வந்தாள். முறைப்படி மண்டியிட்டு, கண்ணைத் தாழ்த்தி, சலாம் சொன்னாள்.

"எந்த ஊரும்மா நீ? ஹௌசா பேசறே?" டேலு சட்டியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"லாகோஸ்ல அகேகே. ஜுமாய் வீட்டுலேருந்து வரேன்."

குச்சி அப்படியே நின்றது. டேலு ஒரே ஒரு முறை நிமிர்ந்தாள். பிறகு முக்காட்டை நெற்றிக்குக் கீழே இழுத்துவிட்டுக்கொண்டு, முக்காலியோடு சேர்த்துத் தன்னைச் சுவர்ப் பக்கமாகத் திருப்பிக்கொண்டாள்.

"லாமி!" என்று வீட்டைப் பார்த்துக் கத்தினாள். "லாமி, பாய் எடுத்துட்டு வா! கம்போ, பானைத் தண்ணி வேணாம், புதுசா எறைச்சுக் கொண்டா! சாலிசு எங்கே போய்த் தொலைஞ்சான்? கடைக்குப் போய்த் தேன் வாங்கிட்டு வரச் சொல்லு!"

லாமி ஓடி வந்தாள். இருபது வயதுப் பெண். பாயை விரித்தபடியே ஹன்சத்துவைப் பார்த்த அவள் வாய் தானாகத் திறந்துகொண்டது. டேலு சட்டியிலிருந்து நல்லதாக நாலு எடுத்து, புதுத் தட்டில் வைத்து, சாலிசு ஓடிப்போய் வாங்கி வந்த தேனை ஊற்றி, லாமி கையில் கொடுத்தாள். தேன் தட்டை மீறித் தன் மணிக்கட்டில் வழிவதைக்கூட அவள் பார்க்கவில்லை.

"அந்த விருந்தாளிக்குக் குடு. வழியில ஏதாவது தின்னாங்களான்னு கேளு."

"சாப்பிட்டீங்களான்னு அம்மா கேக்கறாங்க," என்றாள் லாமி. ஒரு முழம் தள்ளி உட்கார்ந்திருந்தவள் கேட்ட கேள்வியை அவள் எடுத்துச் சொன்னாள்.

"சாப்பிட்டேன்," என்றாள் ஹன்சத்து. பிறகு பாயை விட்டு எழுந்து இரண்டடி முன்னால் போனாள். டேலுவின் முதுகைப் பார்த்துச் சொன்னாள். "நான் ஹன்சத்து."

சட்டியில் மாஸா தீய்கிற வாடை வந்தது. டேலு எழுந்தாள். "சனியன் பிடிச்ச புகை, கண்ணைக் கரிக்குது," என்று யாரிடமோ சொல்லிவிட்டு விடுவிடுவென்று வீட்டுக்குள் போய்விட்டாள்.

வாசல் நிலை அருகில் நின்றிருந்த யஹூஸாவுக்கு மட்டும் உள்ளே தெரிந்தது. இருட்டான முன்கட்டில் டேலு சுவரில் நெற்றியை வைத்து நின்றிருந்தாள். முக்காட்டை வாய்க்குள் திணித்துக்கொண்டிருந்தாள். தோள் குலுங்கியது. அவனுக்குத் தன் தாயின் நினைவு வந்துவிட்டது. இத்தனை வருஷம் கழித்துப் பார்க்கிற பிள்ளை, அதுவும் தலைப்பிள்ளை. கட்டுப்படுத்த முடியாமல் அழுகை வந்துவிட்டது, அதை ஊர் பார்க்கக்கூடாதென்று உள்ளே ஓடிவிட்டாள். எவ்வளவு மானமுள்ள மனுஷி! இதைவிடப் பெரிய வரவேற்பை எந்த மகள் பெறமுடியும் என்று நினைத்து அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

"லாமி," என்று உள்ளிருந்து உடைந்த குரல் வந்தது. "அந்தப் புள்ளிக்கோழியைப் பிடிச்சுக் கட்டுடி."

வெளியே ஃபொலாரின் கடிகாரத்தைத் தட்டிக் காட்டி எல்லோரையும் விரட்டிக்கொண்டிருந்தார். ஹன்சத்து தட்டைத் தொடவில்லை. அப்படியே லாமியிடம் நீட்டினாள். லாமி ஏதோ சொல்ல வாயெடுப்பதற்குள் அவள் வேனில் ஏறிவிட்டாள். யஹூஸா அதையும் தவறாக எடுத்துக்கொள்ளவில்லை. நல்ல வளர்ப்பு, உடனே வீட்டுக்குள் புகுந்து உட்கார்ந்துவிடாமல், கூட வந்தவர்களை வழியனுப்பிவிட்டு முறையாகத் திரும்பி வருவாள். வழி நெடுக அவன் கதை எதுவும் சொல்லவில்லை. மனசு நிறைந்திருந்தது.

விமான நிலையத்தில் டாங்கோ பெட்டிகளை இறக்கினான். ஹன்சத்து தன் பெட்டியையும் இழுத்து நிறுத்தியபோது யஹூஸா ஓடிப்போய் அதன் மேல் கை வைத்தான்.

"தங்கச்சி, உங்க பெட்டியை ஏன் எறக்கறீங்க? திரும்ப அந்த வீட்டுக்குத்தானே போகணும்?"

"எந்த வீட்டுக்கு?"

"என்ன இப்படிக் கேக்கறீங்க? உங்கம்மாவைப் பாத்தீங்களே!"

"பாத்தேன்," என்றாள். குரலில் ஒன்றுமில்லை. "முதுகைப் பாத்தேன். ஏழு வயசுல ஒரு தடவை பெரியம்மா கூட்டிட்டு வந்தாங்க. யாருக்கோ பேர் வைக்கற விசேஷம். அன்னைக்கும் இதேதான். எல்லாப் புள்ளைங்களையும் பேர் சொல்லிக் கூப்பிட்டுக் கையில கறி வச்சாங்க. எனக்கு மட்டும் யார்கிட்டயோ குடுத்தனுப்பினாங்க. சின்னப் புள்ளை, ஏதோ தப்பாப் புரிஞ்சுக்கிட்டோம்னு இத்தனை நாள் என்னை நானே சமாதானம் பண்ணிக்கிட்டு இருந்தேன். இன்னைக்கு ஃபொலாரின் சார் பேரைக் கேட்டாங்க, அண்ணே. வழியில போறவர் பேரை. நான் என் பேரைச் சொன்னேன், எழுந்து போயிட்டாங்க."

"ஐயோ தங்கச்சி, நீங்க மூத்தவங்க!"

"அதனால?"

அந்த ஒரு சொல்லில்தான் யஹூஸாவுக்குப் புரிந்தது. இவளுக்குத் தெரியாது. பிள்ளையில்லாத வீட்டில் ஒற்றையாக வளர்ந்தவள். தலைப்பிள்ளை எப்படி நடத்தப்படும் என்று பார்க்கவே வழியில்லை. அவன் தடுமாறித் தடுமாறிச் சொன்னான். தாய் மூத்ததின் பெயரைச் சொல்லமாட்டாள், அதுதான் மரியாதை, அதுதான் பாசம். தன் தாயும் அப்படித்தான், தன் மனைவியும் அப்படித்தான். டேலு உள்ளே போய்ச் சுவரில் சாய்ந்து அழுததைத் தன் கண்ணால் பார்த்தான். கோழி கட்டச் சொன்னதைக் காதால் கேட்டான். சொல்லச் சொல்ல அவனுக்கே அது கதை மாதிரி கேட்டது. பழக்க தோஷம், அழுத இடத்தைச் சொல்லும்போது குரல் தானாகத் தாழ்ந்தது, சரியான இடத்தில் நின்றது.

ஹன்சத்து அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"லாகோஸ்ல எங்க தெருவுல எந்தத் தாய்க்கும் சொந்தப் பேர் கிடையாது அண்ணே," என்றாள். "மூத்த புள்ளை பேரை வச்சுத்தான் கூப்பிடுவாங்க. போலா அம்மா, குன்லே அம்மான்னு. பெத்தவளே மூத்ததோட பேரைச் சொல்லமாட்டான்னு சொல்றீங்க. அதுவும் பாசத்துல."

"சத்தியமாம்மா! வேணும்னா இவனைக் கேளுங்க. டாங்கோ! டேய், சொல்லுடா, தலைப்புள்ளை பேரைப் பெத்தவ சொல்லுவாளா?"

டாங்கோ டிக்கியை மூடிக்கொண்டிருந்தான். என்ன பேச்சு நடக்கிறதென்று அவனுக்குத் தெரியாது. கானோக்காரன் ஒருவன் ஒரு விஷயத்துக்குத் தன்னைச் சாட்சிக்குக் கூப்பிடுகிறான் என்பது மட்டும் காதில் விழுந்தது. இப்படி ஒரு வாய்ப்பை எந்த ஜாரியாக்காரன் விடுவான்?

"இவன் சொன்னதா? அப்பப் பொய்தாம்மா," என்றான். "எங்கம்மா என் பேரைச் சொல்லிக் கூவினா நாலு தெருவுக்குக் கேக்கும். கானோக்காரன் பொழுது விடிஞ்சிருச்சுன்னு சொன்னாக்கூட நான் வெளிய எட்டிப் பாத்துட்டுத்தான் நம்புவேன்."

"டேய், விளையாடாதடா! இது வேற!"

"அடிமைக்குக் கோபம் வருது பாருங்க," என்று டாங்கோ கைகொட்டிச் சிரித்தான். ஜெயித்துவிட்ட சிரிப்பு. அவன் வீட்டிலும் பெரியவனுக்குப் பெயர் கிடையாது.

ஹன்சத்துவும் சிரித்தாள். அன்று முழுவதும் அவள் அப்படி வாய்விட்டுச் சிரிக்கவில்லை. சிரித்து முடித்தபோது கண் ஓரத்தில் ஈரம் இருந்தது.

"என் மூஞ்சியைப் பாத்தீங்க இல்லேண்ணே? அதுக்கு என்ன கேக்க ஆசைன்னு தெரிஞ்சிருச்சு. எடுத்துக் குடுத்துட்டீங்க. நீங்க நல்லவருதான்."

"தங்கச்சி, ராஜா மக கதை வேற, இது வேற. போன் நம்பராவது குடுங்க. அவங்களை உங்ககிட்ட பேச வைக்கறேன்."

"பேசி? எங்க ரெண்டு பேருக்கும் நடுவுல யாரையாவது நிக்க வச்சுச் சாப்பிட்டாளான்னு கேப்பாங்க. வேணாம்."

ஃபொலாரின் உள்ளேயிருந்து அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். அவள் பெட்டியின் கைப்பிடியை இழுத்தாள். பிறகு ஏதோ மறந்துவிட்டவள் போல நின்று, திரும்பி, யஹூஸாவின் முகத்துக்கு நேராகக் கைதட்டினாள். சத்தம் வராமல், மெதுவாக. கண்ணாடிக் கதவு திறந்து மூடியது.

திரும்பும் வழியில் டாங்கோ விடாமல் கேட்டதில் யஹூஸா நடந்ததைச் சொன்னான். அதைக் கேட்டதும் டாங்கோ வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டான். "எனக்கெப்படிடா தெரியும்? நாம எப்பவும் இப்படித்தானே?" என்று திரும்பத் திரும்பக் கேட்டான். அவனைத் திட்டவாவது யஹூஸாவுக்கு யோக்கியதை இருந்ததா? அவன் வாய் தொழிலுக்கு என்று தேய்ந்து தேய்ந்து, நிஜத்தைச் சொல்லும்போதும் பொய் மாதிரியே சொல்கிற வாயாக ஆகியிருந்தது. அதை எண்ணி அவன் தன் மேலேயே காறித் துப்பிக்கொள்ளாத குறை.

போகாமல் இருந்திருக்கலாம். ஆனால் கால் கொல்லர் சந்துக்குத்தான் போயிற்று. மாலைத் தொழுகைக்கு இன்னும் நேரம் இருந்தது. டேலு அடுப்பை அணைத்துவிட்டிருந்தாள். குளித்து, பெருநாளைக்குக் கட்டுகிற நீலத் துணியைக் கட்டியிருந்தாள். வாசல் பெருக்கித் தண்ணீர் தெளித்திருந்தது. நிலைக்குப் பக்கத்தில் புள்ளிக்கோழி கால் கட்டோடு உட்கார்ந்திருந்தது.

அவன் தனியாக வருவதைப் பார்த்ததும் டேலு சந்து முனை வரை கண்ணை ஓட்டினாள். அவனுக்குப் பின்னால் யாரும் இல்லை. பொய்மூட்டை என்று கூப்பிடவில்லை. லாமியைப் பார்த்துத்தான் பேசினாள்.

"லாமி, கேளுடி. அந்த விருந்தாளிங்க... ராத்திரிக்கு எத்தனை பேருக்கு உலை வைக்கணும்னு கேளு."

லாமி அவனைப் பார்த்தாள். யஹூஸா டேலுவின் முகத்தைப் பார்த்தான். அந்த முகத்துக்கு என்ன கேட்க ஆசை என்பது தெருவில் போகிற குருடனுக்கும் தெரிந்திருக்கும்.

"ஆபீஸ்ல அவசரமா கூப்பிட்டுட்டாங்களாம் அக்கா," என்றான். "போக மனசே இல்லை. அழுதுக்கிட்டேதான் ஏறினாங்க. பெருநாளைக்கு வராங்களாம். ஒரு மாசம் தங்கற மாதிரி."

இருபது வருஷமாக அவன் வாயிலிருந்து வந்த ஒரு சொல்லைக்கூட நம்பாத டேலு அதை நம்பினாள். முக்காட்டின் ஓரத்தை எடுத்து மெதுவாக மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"லாமி," என்றாள், "அந்தக் கோழியை அவுத்து விடு. பெருநாளைக்குள்ள இன்னும் கொஞ்சம் சதை போடட்டும்."